எங்க ஆளுகளுக்கு எப்பவும் ரத்தம் கம்மிதான்

அம்மாவின் ரத்தத்தில் ஹீமோகுளோபின், அதாவது ஹெச்.பி, 7.8 என்று மெஷின் காட்டியதும் நான் நம்பவில்லை. டியூபை நன்றாகக் கலக்கி மறுபடி ஓட்டினேன். மறுபடியும் 7.8. பெண்களுக்கு 12-க்குக் குறையக் கூடாது. அம்மா வெளியே பெஞ்சில், ரத்தம் எடுத்த இடத்தில் பஞ்சை அழுத்திப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தார். போய்ச் சொன்னேன். முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை.

"எங்க ஆளுகளுக்கு எப்பவும் ரத்தம் கம்மிதான்த்தா. எங்கம்மாவுக்கும் அப்படித்தான், பெரியம்மாவுக்கும் அப்படித்தான். பரம்பரை."

ராமநாதபுரத்தில் லேப் டெக்னீஷியனாக 9 வருடமாக இருக்கிறேன். ஒரு நாளைக்கு ஐம்பது அறுபது பேருடைய ரத்தம் என் கை வழியாகப் போகிறது. 'எங்க ஆளுக', 'அவங்க ஆளுக' என்று தொடங்கும் பேச்சு காதில் விழாத நாள் இல்லை. எங்க ஆளுகளுக்குச் சட்டென்று கோபம் வரும், ரத்தம் அப்படி. அவங்க ஆளுகளுக்குப் படிப்பு ஏறாது. அந்த ஆளுகளுக்கு வியாபாரம் ரத்தத்திலேயே ஊறினது. இதையெல்லாம் கேட்டுக்கொண்டே வேலை பார்த்துப் பழகிவிட்டது. ஆனால் அம்மா சொன்னதை என்னால் அப்படி விட முடியவில்லை. அடுத்தவரைப் பற்றிச் சொல்வது ஒன்று. தன் உடம்பு தேய்வதைத் தானே பிறப்பின் கணக்கில் எழுதிக்கொள்வது இன்னொன்று.

அம்மா பாசி எடுப்பவர். கீழக்கரைக்குப் பக்கத்தில் கடலை ஒட்டிய குடியிருப்பு எங்களுடையது. விடிவதற்கு முன்னால் வல்லத்தில் ஏறி 'அப்பா தீவு' என்ற தீவின் பக்கம் போவார்கள். விரல்களில் துணிக் கிழிசலைச் சுற்றிக்கொள்வார்கள், பாறை அறுக்காமல் இருக்க. காலில் ரப்பர் செருப்பைக் கட்டி, முகத்தில் கண்ணாடி மாட்டி, இடுப்பில் பையோடு இறங்குவார்கள். சிலிண்டர் எதுவும் கிடையாது. மூச்சைப் பிடித்துக்கொண்டு போய், பாறையில் ஒட்டியிருக்கும் மரிக்கொழுந்துப் பாசியைப் பிய்த்து, மேலே வந்து ஒரு மூச்சு, மறுபடி கீழே. வெயில் ஏறும்வரை இதே வேலை. அந்தப் பாசியிலிருந்துதான் அகர் என்ற கூழை எடுக்கிறார்கள். எங்கள் லேபில் கிருமி வளர்க்கும் தட்டில் இருப்பதும் அகர்தான். ஒவ்வொரு முறை அந்தத் தட்டைத் திறக்கும்போதும் எனக்கு அம்மாவின் விரல்கள் ஞாபகத்துக்கு வரும்.

ஒன்பதாம் வகுப்பில் கணக்குப் பரீட்சையில் நான் மிகக் குறைவாக வாங்கியிருந்தேன். விடைத்தாளைக் கொடுத்த ஆசிரியர், "மீன் குஞ்சுக்கு நீந்தக் கத்துக்குடுக்கணுமா? அது தானா வரும். கணக்குத்தான் வராது" என்றார். வகுப்பே சிரித்தது. அவர் கெட்டவர் இல்லை. என் மேல் பிரியமாகத்தான் இருந்தார். ஆனால் எனக்கு நீந்தவே வராது என்பது அவருக்குத் தெரியாது. அப்பா என்னைக் கடலுக்குள் விட்டதே இல்லை, 'நீயாவது படி' என்று. இன்றைக்கும் தண்ணீருக்குள் கண்ணைத் திறந்தால் எனக்கு எல்லாம் கலங்கலாகத்தான் தெரியும். பத்து எண்ணுவதற்குள் மூச்சு முட்டும்.

வீட்டுக்குப் போய் அழுதுகொண்டே சொன்னபோது அம்மா கேட்டார்: "மீனு குஞ்சுக்கு வேணாம். எனக்கு யாரு தானா வந்துச்சுன்னா? என் அத்தை ரெண்டு வருசம் தலைமுடியப் புடிச்சு முக்கிக் கத்துக்குடுத்துச்சு. காது வலியில நான் ராத்திரியெல்லாம் அழுவேன்." எங்கே மூக்கைப் பிடித்து ஊதிக் காதடைப்பை எடுப்பது, எப்போது திரும்புவது, நீரோட்டம் எந்தப் பக்கம் இழுக்கும், எல்லாம் அத்தை சொல்லித் தந்தது. ரத்தத்தில் வந்தது என்று ஊர் சொல்வதற்குப் பின்னால் இரண்டு வருடப் பள்ளிக்கூடம் இருக்கிறது. கரையில் நின்று பார்ப்பவர்களுக்கு அது தெரியாது, ஏனென்றால் அது தண்ணீருக்கு அடியில் நடக்கிறது.

தாய்லாந்துப் பக்கத்து அந்தமான் கடலில் மோக்கன் என்ற கடலோடிகள் இருக்கிறார்கள். அவர்களுடைய குழந்தைகளுக்குத் தண்ணீருக்கு அடியில் பார்வை, ஐரோப்பியக் குழந்தைகளைப் போல இரண்டு மடங்கு கூர்மை என்று 2003-இல் அன்னா யீஸ்லேன் என்ற ஸ்வீடன் ஆராய்ச்சியாளர் அளந்து சொன்னார். நீருக்குள் போனதும் அந்தக் குழந்தைகள் கண்மணியைச் சுருக்கிக்கொள்கிறார்கள். இதுவரை கேட்டால் 'பாருங்கள், பிறவி' என்றுதான் தோன்றும். அப்புறம் அவரே ஐரோப்பியக் குழந்தைகளுக்குச் சில வாரம் பயிற்சி கொடுத்தார். அவர்களும் அதே அளவுக்குப் பார்த்தார்கள்.

மரபணுவே பொய் என்று நான் சொல்ல வரவில்லை. இந்தோனேசியாவின் பஜாவ் மக்களும் மூச்சடக்கி மூழ்கிப் பிழைப்பவர்கள்தான். பக்கத்துக் கரையில் விவசாயம் செய்யும் சாலுவான் மக்களைவிட அவர்களுக்கு, மூழ்கும்போது ஆக்சிஜன் ஏந்திய ரத்த அணுக்களை வெளியே விடும் மண்ணீரல் ஏறக்குறைய 50 சதவீதம் பெரியது என்று 2018-இல் வந்த ஆய்வு காட்டியது. கடலில் இறங்காத பஜாவ்களுக்கும் அப்படியே. மரபணுவிலேயே அதற்கான மாற்றம் இருக்கிறது. பல தலைமுறையாகக் கடலை நம்பி வாழ்ந்ததால் நிலைத்த மாற்றம் அது. ஆக, ஒரு உறுப்பின் அளவு பிறப்பில் வரலாம். கண் பார்ப்பது பழக்கத்தில் வரலாம். எது எது என்று ஒவ்வொன்றாகச் சோதித்துப் பார்த்தால்தான் தெரியும். சோதிக்காமல் 'ரத்தம்' என்று ஒரே சொல்லில் முடிப்பதைத்தான் நான் எதிர்க்கிறேன்.

எங்கள் கடலுக்கும் மனிதரை அளக்கும் வேலைக்கும் பழைய உறவு ஒன்று உண்டு. எட்கர் தர்ஸ்டன் என்பவர் 1885-இல் சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக வந்தார். அவர் எங்கள் பக்கம் வந்தது முத்தும் சங்கும் பவளமும் பார்க்க. ராமேஸ்வரம் தீவையும் மன்னார் வளைகுடாவின் உயிரினங்களையும் பற்றி அவர் எழுதியது 1895-இல் அருங்காட்சியக வெளியீடாக வந்தது. சிப்பியை அளந்த அதே பழக்கத்தோடு அவர் மனிதர்களையும் அளந்தார், தலையின் நீளம், மூக்கின் அகலம் என்று. 1909-இல் தென்னிந்தியச் சாதிகளைப் பற்றி 7 தொகுதிகள் வெளியிட்டார். அந்தக் காலத்தில் வங்காளத்தில் ஹெர்பர்ட் ரிஸ்லி என்ற பிரிட்டிஷ் அதிகாரி ஒரு விதி சொல்லியிருந்தார்: மூக்கு அகலமாக ஆகச் சாதி கீழே போகும். 1901 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்கே அவர்தான் தலைவர்.

அந்த விதி நிற்கவில்லை. ரிஸ்லியின் எண்களையே எடுத்து 1932-இல் சமூகவியலாளர் ஜி.எஸ்.குர்யே காட்டினார், வட இந்தியாவின் ஒரு பகுதியைத் தாண்டினால் மூக்கும் சாதி வரிசையும் ஒத்துப்போகவில்லை என்று. 1936-இல் அம்பேத்கர் இன்னும் நேராகச் சொன்னார்: சென்னைப் பிராமணரும் சென்னைப் பறையரும் ஒரே இனம், பஞ்சாபிலும் அப்படியே, ஒரே இனத்து மக்களைச் சமூகம் பிரித்து வைத்ததுதான் சாதி. மூக்குத் துவாரத்தின் அகலம் ஒரு மக்கள்கூட்டம் வாழ்ந்த இடத்தின் வெப்பத்தோடும் ஈரப்பதத்தோடும் சேர்ந்து மாறுகிறது என்று 2017-இல் ஒரு ஆய்வு வந்தது. புழுக்கமான ஊரில் அகன்ற மூக்கு. அவ்வளவுதான் அதன் செய்தி.

ஆனால் அந்த அளவுகோல் காகிதத்தோடு நிற்கவில்லையே. பிறப்பிலேயே குற்றவாளி என்று ஒரு சட்டம் போட்டு, 1911-க்குப் பிறகு அதை நம் பக்கமும் கொண்டுவந்தார்கள். எங்கள் ஜில்லாப் பெரியவர்கள் அதை ரேகைச் சட்டம் என்பார்கள். கள்ளர்களையும் மறவர்களில் சில பிரிவினரையும் கைரேகை பதித்து, ராத்திரியில் ஊரைவிட்டு நகர விடாமல் வைத்தார்கள். சென்னை மாகாணத்தில் அது ஒழிந்தது 1947-இல்தான். அந்தத் தாத்தாக்களின் பேரப்பிள்ளைகள் சிலரே இன்று வேறொரு தெருவைக் காட்டி 'அவன் பிறப்பு அப்படி' என்று சொல்லும்போது எனக்கு மனம் கசந்துபோகிறது. அதே வாக்கியம் தங்கள் வீட்டில் என்ன செய்தது என்று அவர்களுக்குத் தெரியாதா?

இதெல்லாம் பழைய கதை என்று நினைத்திருந்தேன். என் வேலைக்குள்ளேயே அது உட்கார்ந்திருந்ததைப் பிறகுதான் கண்டேன். கிட்னி எப்படி வேலை செய்கிறது என்று பார்க்க, தசையிலிருந்து வரும் கிரியாட்டினின் என்ற கழிவை ரத்தத்தில் அளப்போம். அந்த எண்ணோடு வயதையும் பாலினத்தையும் சேர்த்து ஒரு சூத்திரத்தில் போட்டால் இ.ஜி.எஃப்.ஆர் வரும், அதாவது கிட்னி வடிகட்டும் வேகம். அது கூடுதலாக இருந்தால் கிட்னி நன்றாக இருக்கிறது என்று அர்த்தம். 1999-இல் அமெரிக்காவில் வந்த சூத்திரத்தில் இன்னொரு கேள்வியும் இருந்தது: நோயாளி கறுப்பரா? ஆம் என்றால் விடையை ஒரு எண்ணால் பெருக்கிக் கூட்ட வேண்டும். அதன் சுருக்க வடிவத்தில் அந்த எண் 1.212. 2009-இல் வந்த புதிய சூத்திரத்தில் அது 1.159. கறுப்பர்களுக்குத் தசை அதிகம், அதனால் கிரியாட்டினின் அதிகம் என்பதுதான் அதற்குச் சொன்ன காரணம். விளைவைப் பாருங்கள். இரண்டு பேருக்கு ஒரே கிரியாட்டினின், ஒரே வயது. கறுப்பர் மட்டும் தாளில் ஆரோக்கியமாகத் தெரிவார். மாற்றுக் கிட்னிக்கான வரிசையில் சேர, இ.ஜி.எஃப்.ஆர் 20-க்கு இறங்க வேண்டும். அவருடைய எண் இறங்காது, உடம்பு மட்டும் இறங்கும். 2021-இல் இனக் கேள்வி இல்லாத சூத்திரம் வந்தது. 2023-இல், காத்திருந்த கறுப்பர்களின் இழந்த காலத்தைக் கணக்கிட்டுத் திருப்பிக் கொடுக்கும்படி அங்குள்ள மருத்துவமனைகளுக்கு உத்தரவானது. இருபது வருடத்துக்கு மேல் ஒரு பெருக்கல் குறி செய்த வேலை இது. யாரும் யாரையும் திட்டவில்லை, அடிக்கவில்லை. கணக்குச் சரியாகப் போட்டார்கள், அவ்வளவுதான்.

சரி, எங்கள் ஊருக்கு வருகிறேன். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு மருத்துவமனையின் ரத்த வங்கியில் இருந்தேன். உள்நாட்டுக் கிராமத்திலிருந்து ஒருவர், தங்கச்சிப் பிரசவத்துக்காக வந்தவர், ஜன்னல் வழியாகக் குனிந்து மெதுவாகக் கேட்டார்: "தாயி, நம்ம ஆளுக குடுத்த ரத்தமாப் பாத்துக் குடுங்க."

"நம்ம ஆளுகன்னா யாருண்ணே?" என்றேன். சாதிப் பெயரைச் சொன்னார். மிரட்டலாக இல்லை, கெஞ்சலாக. கண் சிவந்திருந்தது. அவரும் ரத்தம் கொடுக்கத் தயாராகத்தான் வந்திருந்தார். அவர் விரலில் குத்தி, ஓட்டுக் கல்லில் சொட்டு வைத்து, அவர் கண்ணெதிரே மருந்தை விட்டேன். ஏ பக்கம் அப்படியே இருந்தது. பி பக்கம் மணல்மணலாகத் திரிந்தது. "நீங்க பி. உங்க தங்கச்சி ஓ. நீங்க குடுத்தா தங்கச்சிக்குச் சேராதுண்ணே" என்றேன். "கூடப் பொறந்தவளுக்கே சேராதா?" என்று கேட்டுவிட்டு அந்தத் திரிந்த சொட்டையே பார்த்துக்கொண்டு நின்றார். இரண்டு பை ஓ பாசிட்டிவ் ரத்தம் கொடுத்து அனுப்பினேன். யார் கொடுத்தது என்று அவரும் கேட்கவில்லை. சாயங்காலம் பெண் குழந்தை என்று சொல்லிப் போக ஜன்னலுக்கு வந்தார்.

ரத்தப் பிரிவையும் இனம் பிரிக்கப் பயன்படுத்திப் பார்த்தவர்கள் உண்டு. முதல் உலகப் போரில் கிரேக்க நாட்டுச் சலோனிகாவில் இருந்த ஹிர்ஷ்ஃபெல்ட் என்ற டாக்டர் தம்பதி பல நாட்டுச் சிப்பாய்களைச் சோதித்து, 1919-இல் பி பிரிவு இந்தியாவில் தோன்றிய இனத்தின் அடையாளம் என்று கருதினார்கள். அதை வைத்து அப்புறம் என்னென்னவோ தரவரிசை போட்டார்கள். எல்லாப் பிரிவும் எல்லாக் கூட்டத்திலும் இருக்கிறது, விகிதம்தான் மாறுகிறது. 1972-இல் மரபியலாளர் ரிச்சர்ட் லெவோன்டின் போட்ட கணக்கும் அந்த மாதிரி. மனிதரிடையே காணும் மரபணு வேறுபாட்டில் சுமார் 85 சதவீதம் ஒரே கூட்டத்துக்குள்ளேயே இருக்கிறது. இனத்துக்கும் இனத்துக்கும் நடுவே இருப்பது ஆறு சதவீதத்துக்குச் சற்று மேல்.

அப்படியானால் சாதி மரபணுவில் தெரியவே தெரியாதா என்று கேட்டால், தெரியும். இதைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் இதைத் தலைகீழாகப் புரிந்துகொள்பவர்கள் அதிகம். ஹைதராபாத்தின் செல், மூலக்கூறு உயிரியல் மையமும் ஹார்வர்டும் சேர்ந்து 2013-இல் வெளியிட்டது: சுமார் 4,200 ஆண்டுகளுக்கு முன்பிலிருந்து 1,900 ஆண்டுகளுக்கு முன்புவரை இந்தியாவில் எல்லோரும் எல்லோரோடும் கலந்திருக்கிறார்கள். மேல், கீழ் என்று இன்று சொல்லப்படும் கூட்டங்கள், காட்டுக்குள் ஒதுங்கி வாழ்பவர்கள் உட்பட. அதற்குப் பிறகுதான் கதவு சாத்தப்பட்டது. அவரவர் அவரவருக்குள்ளேயே பெண் கொடுத்து எடுத்தார்கள். 2017-இல் வந்த தொடர் ஆய்வில் தெற்காசியாவின் 263 கூட்டங்களைப் பார்த்தார்கள். அதில் 81 கூட்டங்கள், ஒரு சிறு கும்பலிலிருந்து பெருகிய அடையாளத்தை, அதற்குப் பேர்போன பின்லாந்துக்காரர்களைவிட, ஐரோப்பாவின் அஷ்கனாசி யூதர்களைவிட ஆழமாகச் சுமக்கின்றன. இப்படி அடைத்து வைத்ததில் பெருகுவது ஒளிந்திருக்கும் நோய்கள்தான். பம்பாய் ரத்தம் என்று ஒன்று உண்டு, 1952-இல் டாக்டர் பெண்டே கண்டுபிடித்தது. பார்வைக்கு ஓ போலவே இருக்கும், ஆனால் ஓ ரத்தம் ஏற்றினால் ஆளைக் கொல்லும். தாய் தகப்பன் இருவரிடமிருந்தும் அதே குறை வந்தால்தான் பிள்ளைக்கு வரும். நெருங்கிய உறவில் கட்டிக்கொடுக்கும் இடங்களில் அதிகம் கிடைப்பது அதனால்தான். தமிழ்நாட்டில் 100 பெண்களில் 28 பேர் சொந்தத்தில் கட்டிக்கொண்டவர்கள் என்கிறது 2019-21 தேசிய குடும்ப நலக் கணக்கெடுப்பு.

ஆக, மரபணு சாதியை உண்டாக்கவில்லை. நாம் போட்ட வேலிதான் மரபணுவில் தடம் பதித்தது. மீன்காரர் வீட்டுப் பிள்ளையாக இதை நான் இப்படித்தான் யோசிப்பேன்: பாறை மீன் ஒரு இனம், விளமீன் ஒரு இனம். ஒரே வலையில் கிடந்தாலும் இரண்டும் சேர்ந்து குஞ்சு பொரிக்காது. அதனால் அவற்றுக்கு நடுவே யாரும் காவல் நிற்பதில்லை. நம் பிள்ளைகளுக்கு நடுவேதான் அரிவாளோடு காவல் நிற்கிறார்கள். சேர முடியும் என்று தெரியாமலா நிற்கிறார்கள்?

மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர்கள் முன்னின்று 2009-இல் வெளியிட்ட இன்னொன்றும் உண்டு. இதயத் தசையைப் பலவீனமாக்கும் ஒரு மரபணுக் குறை, இந்தியர்களில் 100-க்கு 4 பேரிடம் இருக்கிறது. சாதி, மதம், மொழி எதையும் பார்க்காமல் பரவியிருக்கிறது. வேலிக்கு முந்தைய சொத்து அது.

இப்போது அம்மாவின் 7.8. பரம்பரையா என்று சோதித்துப் பார்க்க வழி இருக்கும்போது நான் ஏன் சும்மா இருக்க வேண்டும்? தலசீமியா என்ற ரத்த நோயின் மரபணுவைச் சுமக்கும் கடத்திகளாக இருந்தாலும் ஹெச்.பி குறையும், அணுக்கள் சிறுத்திருக்கும். அது உண்மையிலேயே பிறப்பில் வருவது. அம்மாவின் எம்.சி.வி, அதாவது ஒரு சிவப்பணுவின் சராசரி அளவு, 64, சிவப்பணு எண்ணிக்கை 4.1. ஒன்றை ஒன்றால் வகுத்தால் 15.6. 13-க்குக் கீழே வந்தால் தலசீமியாவைச் சந்தேகிப்போம், மேலே என்றால் இரும்புச்சத்துக் குறைவை. உறுதி செய்ய, தலசீமியா கடத்திகளுக்குக் கூடும் ஹெச்.பி.ஏ2 பார்த்தோம், சரியாக இருந்தது. ஃபெரிட்டின் 5. சேமிப்பில் இரும்பே இல்லை என்று அர்த்தம்.

அப்புறம்தான் நான் அம்மாவிடம் கேள்வி கேட்கவே ஆரம்பித்தேன். காலையில் என்ன சாப்பிட்டுவிட்டுக் கடலில் இறங்குகிறீர்கள்? டீ. வயிறு நிறைந்திருந்தால் மூச்சடக்க முடியாது. கரைக்கு வந்ததும்? டீ, அப்புறம் சோறு. அப்பா பிடித்து வருகிற மீனில் விலை போகாதது வீட்டுக்கு, அதிலும் எங்களுக்குப் போட்டது போக மீதி அம்மாவுக்கு. மாதத்தில் பத்து நாள் ரத்தம் போகிறது என்பதை அன்றுதான் சொன்னார், அதுவும் தலையைக் குனிந்துகொண்டு. அதே 2019-21 கணக்கெடுப்பில், தமிழ்நாட்டில் 15-லிருந்து 49 வயதுப் பெண்களில் 100-க்கு 53 பேருக்கு ரத்தசோகை. பாதிக்கு மேற்பட்ட பெண்கள் 'எங்க ஆளுக' என்றால் அது என்ன பரம்பரை?

1896-இல் ஹாஃப்மன் என்ற காப்பீட்டுக் கணக்கர், அமெரிக்கக் கறுப்பர்கள் சாவது அவர்கள் இனத்தின் இயல்பு என்று புள்ளிவிவரத்தோடு எழுதினார். பத்து வருடம் கழித்து அட்லாண்டாவில் டபிள்யூ.இ.பி. டுபாய்ஸ் என்ற கறுப்பினச் சமூகவியலாளர் அதே மாதிரிப் புள்ளிவிவரங்களை வைத்து, வீடும் தண்ணீரும் கூலியும் சரியானால் சாவு குறையும் என்று பதில் எழுதினார். அதைப் படித்தபோது அவர் எங்கள் குடியிருப்புக்குள் வந்து போனது மாதிரி இருந்தது.

டாக்டர் ரத்தப்போக்குக்கு வைத்தியம் பார்த்தார். இரும்பு மாத்திரையும் பூச்சி மாத்திரையும் எழுதினார். டீயைச் சாப்பாட்டுக்கு ஒட்டிக் குடிக்காதே, அது இரும்பை உடம்பில் சேர விடாது என்று நான் தினமும் போனில் சண்டை போட்டேன். மூன்று மாதத்தில் 10.9. அம்மாவுக்கு எண் முக்கியமில்லை. "முந்தி நாலு தடவ முங்குனா வல்லத்தப் புடிச்சுக்கிட்டு நிப்பேன்த்தா. இப்ப மூச்சு ரொம்ப நேரம் தாங்குது" என்றார்.

போன திங்கட்கிழமை அம்மா தனியாக வரவில்லை. கூட ஒரே வல்லத்தில் போகும் நாலு பேர். பெரியம்மா மகள், எதிர்வீட்டு அக்கா, இன்னொருவர், கடைசியாகக் கல்யாணமாகி வந்த 19 வயதுப் பெண். எல்லாருடைய விரல்களிலும் துணி சுற்றிய தடம். ஒவ்வொருவராக எடுத்தேன். 9.4, 8.1, 10.2. சின்னவளுக்கு 6.9.

"பரம்பரையாக்கா?" என்று அவள் என்னிடம் கேட்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா குறுக்கே வந்தார்.

"பரம்பரையுமில்ல ஒண்ணுமில்ல. விடியக்காலம் வெறும் டீயக் குடிச்சுட்டு வந்து நாலு மணி நேரம் முங்குறா. ராத்திரி எல்லாருக்கும் போட்டுட்டுச் சட்டியத்தான் வழிக்கிறா. இவ மாமியாகிட்ட நான் பேசணும்."